திராட்சை கொஞ்சம் தூக்கலாக

ஜனவரி 12

அன்புள்ள அப்பாவுக்கு,

உங்கள் வாயாடி எழுதுகிறேன். அம்மா, பாப்பா, நான் மூவரும் உடம்புக்கு ஒன்றுமில்லாமல் இருக்கிறோம். பாப்பாவுக்கு மட்டும் சளி. அது அவளோடு கூடப்பிறந்தது. உங்கள் முதுகுவலி எப்படி இருக்கிறது? வெறும் தரையிலா படுக்கிறீர்கள், விரிப்பு ஏதாவது தருகிறார்களா?

உங்கள் கைக்கு வருவதற்கு முன்னால் இந்தக் கடிதத்தைப் பிரித்துப் படிக்கும் சிறை அலுவலக ஐயாவுக்கும் என் வணக்கம். எழுத்து கோணலாக இருந்தால் மன்னிக்க வேண்டும்.

உங்களிடம் சொல்லாமல் ஒன்று செய்துவிட்டேன். பள்ளிக்கூடத்தை விட்டுவிட்டேன். அங்கே என்னை யாரும் ஒன்றும் சொல்லவில்லை அப்பா. சொல்லியிருந்தால்கூடப் பரவாயில்லை. மணியடிக்கும் பெரியவர் இருந்த இடத்தில் இப்போது வேறொருவர் இருக்கிறார். நான் வாசலைத் தாண்டும்போதெல்லாம் அவர் மணியின் நாக்கைக் கையில் பிடித்துக்கொண்டு என்னையே பார்ப்பார். உங்கள் வேன் பெரியவரைத் தள்ளிக்கொண்டு போய் மோதிய தூணுக்குப் புது வண்ணம் பூசியிருக்கிறார்கள். புது வண்ணம் என்பதாலேயே அது தனியாகத் தெரிகிறது. என்னால் அந்த வழியாக நடக்க முடியவில்லை.

இப்போது நம் தெருவுக்குப் பின்னால் இருக்கிற பேக்கரியில் வேலை. ட்ரே கழுவுவது, மாவு சலிப்பது, வெண்ணெய்த்தாள் வெட்டுவது. அங்கே மாஸ்டர் ஒருவர் இருக்கிறார். பேச்சுக்குப் பேச்சு கேலிதான். நான் வாய் திறக்காததால் எனக்கு ‘ஊமைக்கோட்டான்’ என்று பேர் வைத்திருக்கிறார். வீட்டிலும் வாய் திறக்காத என்னை நீங்கள் கேலியாக வாயாடி என்று கூப்பிடுவீர்கள் என்று தெரிந்தால் விழுந்து விழுந்து சிரிப்பார்.

ஞாயிறு கடைக்கு விடுமுறை. அன்று மட்டும் ஓவனில் எனக்காக ஒரு ட்ரே சுட்டுக்கொள்ள விட்டார். ஓட்ஸும் உலர்திராட்சையும் போட்ட பிஸ்கட். வெண்ணெயையும் நாட்டுச் சர்க்கரையையும் நுரைக்க அடித்து, முட்டை ஊற்றி, மைதாவும் பட்டைத்தூளும் சேர்த்துக் கடைசியில் ஓட்ஸும் திராட்சையும் போட வேண்டும். ஓரம் சிவந்து நடு மெத்தென்று இருக்கும்போதே எடுத்துவிட வேண்டும். “பிஸ்கட்னு சொல்லாதே, குக்கின்னு சொல்லு. பேரை மாத்தினா வெலை ஏறும்” என்கிறார் மாஸ்டர்.

டப்பாவில் அனுப்பியிருக்கிறேன். மீந்த திராட்சையையும் ஒரு பொட்டலமாகக் கட்டிக் கூட வைத்திருக்கிறேன். சும்மா கொறியுங்கள்.

உடம்பைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

வாயாடி


பிப்ரவரி 9

என் வாயாடிக்கு,

அப்பா எழுதுவது. முதுகும் இருக்கிறது, வலியும் இருக்கிறது. இரண்டும் சண்டையில்லாமல் குடித்தனம் நடத்துகின்றன. பாப்பாவின் சளிக்கு அம்மா என்ன கொடுக்கிறாள்? நெஞ்சில் கட்டவிடாதே.

நீ படிப்பை விட்ட செய்தியைப் படித்துவிட்டுக் கடிதத்தை மடித்துத் தலைக்கடியில் வைத்துக்கொண்டேன். திருப்பி எடுக்க இத்தனை நாளானது. உன்னைத் திட்ட எனக்கு வாயில்லை.

திராட்சைப் பொட்டலம் உனக்கே திரும்பி வந்திருக்கும். திராட்சை தனியாக உள்ளே வரக்கூடாதாம். இங்கே எதற்குத்தான் காரணம் கேட்க முடியும்? ஆனால் பிஸ்கட்டுக்குள் இருந்ததை ஒன்றும் சொல்லவில்லை. எல்லாவற்றையும் உடைத்துப் பார்த்துவிட்டுத்தான் கொடுத்தார்கள். உடைந்தால் என்ன, ருசி உடையாது. என் அறையில் ஒரு தையல்காரர் இருக்கிறார், அவருக்கும் கொடுத்தேன். “மகளா செஞ்சா? கொடுத்து வெச்ச ஆளுய்யா நீ” என்றார். அன்றைக்கு எனக்கு நெஞ்சு நிமிர்ந்துவிட்டது.

அம்மாவிடம் ஒன்று சொல். குடியை அடியோடு விட்டுவிட்டேன். அந்த நினைப்பே வருவதில்லை.

ஓட்ஸ் பல்லிடுக்கில் மாட்டுகிறது. அடுத்த முறை திராட்சை கொஞ்சம் தூக்கலாகப் போடு.

அப்பா


பிப்ரவரி 26

அன்புள்ள அப்பாவுக்கு,

இங்கே எல்லோரும் எப்போதும்போல இருக்கிறோம். பாப்பாவின் சளி மூக்கோடு நின்றுவிட்டது. உங்கள் முதுகுக்கு ஒத்தடம் கொடுக்க வெந்நீர் கிடைக்குமா? அலுவலக ஐயாவுக்கு வணக்கம். திராட்சைப் பொட்டலத்தை நசுங்காமல் திருப்பி அனுப்பியதற்கு நன்றி.

நீங்கள் சொல்லச் சொன்னதை அம்மாவிடம் சொன்னேன். மருத்துவமனைச் சலவைக்கூடத்திலிருந்து அப்போதுதான் வந்து காலை நீட்டி உட்கார்ந்திருந்தாள். “சோறு கிடைக்காதவன் விரதம் இருந்தானாம்” என்றாள். கொஞ்ச நேரம் கழித்து, “வேற என்ன எழுதியிருக்காரு?” என்று கேட்டாள். உங்கள் முதுகைப் பற்றிச் சொன்னேன். பழைய கம்பளியை எடுத்து உதறி வெயிலில் போட்டாள். அனுப்பலாமா என்று விசாரித்து எழுதுங்கள்.

இந்தத் தடவை முதல் ட்ரே கெட்டுவிட்டது. வெண்ணெயை உருகும் அளவுக்கு வெளியே வைத்துவிட்டேன். எல்லாம் ஒன்றோடொன்று ஒட்டி ஒரே விரிப்பாகிவிட்டது. மாஸ்டர் எட்டிப் பார்த்து, “இது குக்கி இல்ல, கம்பளம். இதை அனுப்பு, உங்கப்பா போர்த்திக்கட்டும்” என்றார். பிறகு மாவைக் குளிரவைத்து உருட்டச் சொல்லிக்கொடுத்தார். உங்களுக்குப் பிடிக்கும் என்று திராட்சையை இரண்டு மடங்காகப் போட்டிருக்கிறேன்.

ஒரு நாள் நான் அங்கே வந்து உங்களைப் பார்க்கட்டுமா? எனக்குப் பயமாகத்தான் இருக்கிறது. இருந்தாலும் வருவேன்.

வாயாடி


மார்ச் 30

என் வாயாடிக்கு,

அப்பா சுகம். கம்பளி வேண்டாம், எனக்காக எடுத்தாளே, அந்தச் சூடே போதும் என்று அம்மாவிடம் சொல்.

நீ இங்கே வரக்கூடாது. கூட்டத்தில் நின்று, பேர் கொடுத்து, சோதனை போடவிட்டு, வலைக்கு அந்தப் பக்கம் நின்று கத்திப் பேச வேண்டும். உனக்கு வீட்டுக்குள் பேசவே குரல் வராது. வேண்டாம்.

நல்ல செய்தி ஒன்று. நடத்தை ஒழுங்காக இருப்பவர்களை முன்கூட்டியே விடுவதற்கு ஒரு பட்டியல் போடுகிறார்கள். அதில் என் பேரும் இருக்கிறது. நன்னடத்தை அதிகாரி வீட்டுக்கு வந்து விசாரிப்பார். வீட்டில் சேர்த்துக்கொள்கிறோம் என்று அம்மா கையெழுத்துப் போட வேண்டும். போட்டால் மழைக்காலத்துக்கு முன்னால் நான் வீட்டில் இருப்பேன். போடாவிட்டால் மீதிக் காலம் முழுக்க இங்கேதான். அம்மாவிடம் நான் எப்படிக் கேட்பது? நீதான் பேச வேண்டும். ஊமையாக இருந்துவிடாதே கண்ணு.

போன டப்பா அருமை. ஆனால் பல்லில் வலி வந்து கடிக்க முடியவில்லை. ஓட்ஸைக் குறைத்துவிடு, திராட்சையை இன்னும் கூட்டு. மேலே தெரியும்படி வைக்காதே, உருண்டைக்குள் வைத்து மூடிவிடு. பார்க்க ஓட்ஸ் பிஸ்கட்டாகவே இருக்கட்டும். மேலே தெரிந்தால் பிரிக்கிறவர்களுக்கே ஆசை வந்துவிடும், அதற்குத்தான்.

அப்பா


ஏப்ரல் 19

அன்புள்ள அப்பாவுக்கு,

பல்வலிக்கு உப்புநீர் கொப்பளிக்கிறீர்களா? கிராம்பு கிடைத்தால் வலிக்கிற பல்லில் வைத்து அடக்கிக்கொள்ளுங்கள். இங்கே நாங்கள் சுகம். அலுவலக ஐயாவுக்கு வணக்கம்.

அம்மாவிடம் பேசிவிட்டேன். எப்படிப் பேசினேன் என்று எனக்கே தெரியவில்லை. துணி மடித்துக்கொண்டிருந்தாள். நான் ஒரு மூச்சில் எல்லாவற்றையும் சொல்லிவிட்டு அவள் முகத்தைப் பார்க்காமல் நின்றேன்.

“இங்க பாரு,” என்றாள். “அந்த மனுஷன் எனக்கு ஒரு வரி எழுதினதில்ல. எல்லாம் உனக்குத்தான். அதனால நீதான் சொல்லணும். குடியை விட்டுட்டாருன்னு உனக்கு மனசாரத் தோணுதா?”

“தோணுதும்மா.”

“இப்ப சொல்லாதே. அந்த அதிகாரி வர்ற அன்னிக்குச் சொல்லு. தோணுதுன்னு நீ சொன்னா, கண்ணை மூடிக்கிட்டுக் கையெழுத்துப் போடறேன். இல்லேன்னு சொன்னா போட மாட்டேன். அப்புறம் அழக்கூடாது.”

அவள் ஏன் இப்படிச் சொன்னாள் என்று எனக்குப் புரிகிறது. பாப்பாவுக்கு உங்கள் முகம் நினைவில்லை. ஆனால் யாராவது கதவை ஓங்கித் தட்டினால் இப்போதும் மேசைக்கடியில் போய் உட்கார்ந்துகொள்கிறாள். நீங்கள் வந்து மெதுவாகத் தட்டினால் நாலு நாளில் அவளுக்குப் பழகிவிடும். அதையும் அம்மாவிடம் சொன்னேன்.

நீங்கள் கேட்ட மாதிரியே செய்திருக்கிறேன். கை நிறையத் திராட்சையை வைத்து மேலே மெல்லியதாக மாவைப் போர்த்தினேன். மாஸ்டர் ஒன்றைப் பிட்டுப் பார்த்துவிட்டு, “என்ன ஊமைக்கோட்டான், குக்கி சுடச் சொன்னா திராட்சைக்குச் சட்டை தைச்சு வெச்சிருக்கே” என்றார். எனக்கும் சிரிப்பு வந்துவிட்டது. நான் கடையில் சிரித்தது அதுதான் முதல் தடவை.

அதிகாரி எப்போது வருவார் என்று தெரிந்தால் எழுதுங்கள்.

வாயாடி


மே 21

என் தங்கத்துக்கு, என் வாயாடிக்கு,

அப்பா நன்றாக இருக்கிறேன். ரொம்ப நன்றாக இருக்கிறேன். முதுகுவலி எங்கே போனது என்றே தெரியவில்லை. உன் கை பொன் கை. உன்னைப் பெற்றதற்கு நான் என்ன தவம் செய்தேன்? தையல்காரரும் அதைத்தான் சொல்கிறார், இதோ பக்கத்தில் உட்கார்ந்து சிரிக்கிறார். அவருக்கு எல்லாவற்றுக்கும் சிரிப்பு.

அம்மாவிடம் சொல், அவளை நான் ராணி மாதிரி வைத்துக்கொள்வேன். சலவைக்கூடத்துக்கு அனுப்ப மாட்டேன். புது வேன் வாங்குவோம். நாலு பேரும் அதில் ஏறி எங்கேயாவது போவோம். பாப்பா முன்னால் உட்காரட்டும். அந்தப் பெரியவரை நினைத்தால் அழுகை வருகிறது. நான் அவரைப் பார்க்கவே இல்லை வாயாடி. தூண்தான் தெரிந்தது. உன் கை பொன் கை.

திராட்சை போதவில்லை. இன்னும் போடு. ஓட்ஸ் பேருக்கு இருந்தால் போதும். மாதம் ஒரு டப்பா என்பதை இரண்டாக்க முடியுமா? பாப்பாவின் சளி எப்படி இருக்கிறது? அம்மாவிடம் சொல், அவளை ராணி மாதிரி வைத்துக்கொள்வேன். உன் கை பொன் கை கண்ணு. திராட்சையை மறந்துவிடாதே.

அப்பா


ஜூன் 24

அப்பாவுக்கு,

வீட்டில் எல்லோரும் சுகம். எனக்குத்தான் காய்ச்சல் வந்து ஒரு வாரத்துக்கு மேல் படுத்துவிட்டேன். இப்போது தேறிவிட்டேன். அதனால்தான் டப்பா அனுப்பவில்லை, பதிலும் தாமதம்.

உங்கள் போன கடிதத்தில் எழுத்துகள் கோட்டை விட்டுச் சரிந்து சரிந்து இறங்கியிருந்தன. சொன்னதையே சொல்லியிருந்தீர்கள். எழுதும்போது உடம்பு சரியில்லையோ என்று நினைத்துக்கொண்டேன். அம்மாவுக்கு அதைப் படித்துக் காட்டவில்லை.

கடையில் நடந்த ஒன்றைச் சொல்ல வேண்டும். காய்ச்சல் வருவதற்கு முதல் நாள், உங்களுக்கென்று வாங்கிய திராட்சை மெத்தென்று ஆகட்டும் என்று சர்க்கரைத் தண்ணீரில் ஊறப்போட்டேன். ஒரு கண்ணாடி ஜாடி. இறுக மூடி, ரொட்டி மாவு பொங்குவதற்கு வைக்கிற சூடான அலமாரியில் மறந்து வைத்துவிட்டேன். திரும்பி வந்து பார்த்தால் திராட்சை எல்லாம் உப்பி மேலே மிதக்கிறது. மூடியைத் திருகினேன். சீறிக்கொண்டு வந்தது.

வாசனை வந்ததும் நான் திரும்பிப் பார்த்தேன் அப்பா. நீங்கள்தான் பின்னால் வந்து நிற்கிறீர்கள் என்று நினைத்துவிட்டேன்.

மாஸ்டர் மோந்து பார்த்துவிட்டு, “அடி சக்கை! பேக்கரியை மூடிட்டு சாராயக்கடை வெச்சிடலாம் போலிருக்கே” என்றார். எல்லோரும் சிரித்தார்கள். “கீழ ஊத்தும்மா, ஒரு டம்ளர் உள்ள போனா ஆளே ஆடிப்போயிடுவான்.” நான் தொட்டியில் ஊற்றித் தண்ணீரைத் திறந்துவிட்டேன். கை கழுவியும் வாசனை போகவில்லை.

அவ்வளவுதான். கடைச் செய்தி.

மாஸ்டர் இனி ஜூலை இரண்டாம் ஞாயிறுதான் எனக்கு ஓவன் தருவார். நான் விசாரித்தேன், அங்கே உங்களைப் பார்க்க விடுவதும் அதே ஞாயிறுதான். காலையில் பஸ் ஏறினால் சாயங்காலம்தான் திரும்ப முடியும். இரண்டையும் ஒரே நாளில் செய்ய முடியாது. கூட்டத்தில் நிற்கவும் பேர் சொல்லவும் நான் பழகிக்கொள்வேன். நீங்களே சொல்லுங்கள். பிஸ்கட் சுட்டு அனுப்பட்டுமா, இல்லை நானே வரட்டுமா? நீங்கள் எதைச் சொல்கிறீர்களோ அதைச் செய்கிறேன்.

பல்வலி எப்படி இருக்கிறது?

வாயாடி


ஜூன் 28

என் வாயாடிக்கு,

உன் கடிதம் வந்த அன்றே எழுதுகிறேன். காய்ச்சல் விட்டதா? கஞ்சி குடி, அலையாதே.

அவ்வளவு தூரம் பஸ்ஸில் நீ எதற்குத் தனியாக வருவது? உடம்பு தேறாத பெண் வெயிலில் நிற்பதா? நான் என்ன ஓடியா போகப்போகிறேன், இன்னும் கொஞ்ச நாளில் வீட்டுக்கே வந்து உட்காரப்போகிறேன், அலுக்க அலுக்கப் பார்த்துக்கொள். பிஸ்கட்டை அனுப்பு. அதுவே நீ வந்த மாதிரி. ஒரு மாதம் வராமல் போனதில் தையல்காரர் என்னைப் பிய்த்து எடுத்துவிட்டார்.

கடையில் ஊறப்போடுகிற வேலையெல்லாம் உனக்கு வேண்டாம். காய்ந்த திராட்சையை அப்படியே போடு. பல்லைப் பற்றிக் கவலைப்படாதே.

நன்னடத்தை அதிகாரி ஜூலைக் கடைசியிலோ ஆகஸ்டிலோ வருவார். ஒரு அம்மாள். நல்லவராம். நீ தைரியமாகப் பேச வேண்டும். உன் மேல் சத்தியமாகச் சொல்கிறேன், குடியை விட்டுவிட்டேன்.

அப்பா


ஆகஸ்ட் 22

அப்பாவுக்கு,

உங்கள் உடம்பு எப்படி இருக்கிறது? நாங்கள் இருக்கிறோம். ஜூலையிலும் டப்பா வரவில்லையே என்று நினைத்திருப்பீர்கள். நான் சுடவில்லை.

அதிகாரி அம்மாள் போன வாரம் வந்துபோனார். உங்களுக்கு அங்கே தகவல் வந்திருக்கும். என் வாயாலும் சொல்லிவிடுகிறேன்.

அம்மா அன்று வேலைக்குப் போகவில்லை. வீட்டைப் பெருக்கி, நாற்காலியைத் துடைத்துப் போட்டிருந்தாள். அதிகாரி அம்மாள் செருப்பை வெளியே விட்டுவிட்டு உள்ளே வந்தார், பாப்பாவின் கன்னத்தைத் தட்டினார். பேனாவைத் திறந்துகொண்டு, “வீட்டுக்காரர் வந்தா சேர்த்துக்கறதுல உங்களுக்கு ஆட்சேபணை ஒண்ணும் இல்லையே?” என்று அம்மாவைக் கேட்டார்.

அம்மா என்னைக் காட்டினாள். “இவளைக் கேளுங்க.”

“என்னம்மா இது, குடும்பம் நடத்தறது நீங்களா, உங்க பொண்ணா?”

“அவரு பேசறது இவகிட்டத்தான். எனக்கு அவரைப் பத்தி ஒண்ணும் தெரியாது.”

அதிகாரி அம்மாள் என் பக்கம் திரும்பினார். “சொல்லும்மா. அப்பா வீட்டுக்கு வரலாமா?”

நான் சொன்னேன். அவருக்குக் கேட்கவில்லை.

“கொஞ்சம் சத்தமாச் சொல்லு.”

“வேண்டாம்.”

“ஏன்? வந்தா அடிப்பாருன்னு பயமா?”

“இல்ல.”

“அப்புறம்? இங்க பாரு, அங்க அவரைப் பத்தி நல்ல மாதிரிதான் சொல்றாங்க. ஒரு புகார் கிடையாது. நீ வேண்டாம்னு சொன்னா காரணம் எழுதணும் நான்.”

காரணம் சொன்னால் அது உங்களை எங்கே கொண்டுபோய்விடும் என்று எனக்குத் தெரியும் அப்பா. இன்னொரு வழக்கு, இன்னும் சில வருஷம். அதனால் சொல்லவில்லை. இந்தக் கடிதத்திலும் சொல்லவில்லை. “இன்னும் சரியாகலை” என்று மட்டும் சொன்னேன்.

“என்ன சரியாகலை? அவருக்கா, உனக்கா?”

“ரெண்டு பேருக்கும்.”

அவர் அதைத்தான் எழுதினாரா, வேறு ஏதாவது எழுதினாரா என்று தெரியாது. காகிதத்தை அம்மா பக்கம் நகர்த்தினார். அம்மா கையெழுத்துப் போடவில்லை.

அவர் போன பிறகு அம்மா என்னைத் திட்டுவாள், அல்லது கட்டிக்கொள்வாள் என்று காத்திருந்தேன். இரண்டும் இல்லை. கொடியிலிருந்து உங்கள் சட்டைகளை எடுத்தாள். நான் வேலைக்குப் போயிருந்த நேரத்தில் பெட்டியிலிருந்து எடுத்துத் துவைத்துப் போட்டிருக்கிறாள். எனக்குத் தெரியாது. ஒவ்வொன்றாக மடித்து, நீவிவிட்டு, மறுபடி பெட்டியில் வைத்து மூடினாள். பிறகு சலவைக்கூடத்துக்குக் கிளம்பிப் போய்விட்டாள். அரை நாள் வேலையாவது கிடைக்கும் என்றாள்.

தூக்கம் வருகிறதா உங்களுக்கு?

வாயாடி


அக்டோபர் 17

மகளுக்கு,

நலம் விசாரித்து ஆகப்போவது ஒன்றுமில்லை.

பட்டியலில் இருந்து என் பேரை அடித்துவிட்டார்கள். தையல்காரர் போன வாரம் போய்விட்டார். அவருக்கு அவர் மகள் வந்து கையெழுத்துப் போட்டாள். வாசல் வரைக்கும் வந்து கையைப் பிடித்துக் கூட்டிக்கொண்டு போனாளாம். அவர் செய்தது என்ன தெரியுமா? கூடப்பிறந்த தம்பியையே குத்தினவர். அவருக்கு வீடு இருக்கிறது. எனக்கு இல்லை.

யார் உனக்குச் சொல்லிக்கொடுத்தது? அம்மாவா, அந்த மாஸ்டரா? ஊரில் எல்லோரிடமும் ஊமை, அப்பனைக் கவிழ்ப்பதற்கு மட்டும் வாய் வந்துவிட்டது. உனக்குப் போய் வாயாடி என்று பேர் வைத்தேனே.

உனக்கு என்ன தெரியும் என்று நினைத்துக்கொண்டிருக்கிறாய்? தெரிந்தால் எழுது. எழுதேன், பார்ப்போம்.


நவம்பர் 14

அப்பாவுக்கு,

நேற்று நேரில் பார்த்துவிட்டு வந்தேன் என்றாலும் எழுதுகிறேன். அங்கே பேச முடியவில்லை. உங்கள் கன்னம் ஒட்டிப்போயிருக்கிறது. சாப்பாட்டை மிச்சம் வைக்காதீர்கள்.

யாரும் எனக்குச் சொல்லிக்கொடுக்கவில்லை. அம்மாவுக்கு இன்னும் நான் எதுவும் சொல்லவில்லை. அவளும் கேட்கவில்லை. நான் ஜூன் மாதம் ஒரு கேள்வி கேட்டேன், நீங்கள் பதில் எழுதினீர்கள். பிஸ்கட்டை அனுப்பு, அதுவே நீ வந்த மாதிரி என்று. நீங்கள் வேறு பதில் எழுதியிருந்தால், ஜாடியை நான் மறந்திருப்பேன். அதிகாரி அம்மாளிடம் வரட்டும் என்று சொல்லியிருப்பேன். இப்போது யோசித்தால், அது தப்பாகக்கூடப் போயிருக்கும். ஆனால் சொல்லியிருப்பேன்.

நேற்று அம்மாவிடம் ஞாயிறானாலும் கடையில் வேலை இருக்கிறது என்று சொல்லிவிட்டுக் கிளம்பினேன். வரிசையில் எனக்கு முன்னால் நின்றவர்கள் எல்லோர் கையிலும் ஒரு பை இருந்தது. பேர் எழுதுகிறவர் என்னை மேலும் கீழும் பார்த்து, “எதுவும் கொண்டு வரலையா?” என்றார். இல்லை என்றேன். உங்கள் பேரை, என் பேரை, நான் என்ன உறவு என்பதை மூன்று முறை சத்தமாகச் சொல்ல வேண்டியிருந்தது. சொன்னேன்.

வலைக்கு அந்தப் பக்கம் நீங்கள் வந்து நின்றபோது எனக்கு முதலில் அடையாளம் தெரியவில்லை. நீங்கள் என் முகத்தைப் பார்க்கவில்லை அப்பா. என் கையைப் பார்த்தீர்கள். எனக்குப் பின்னால் பெஞ்சைப் பார்த்தீர்கள். பெஞ்சுக்குக் கீழே பார்த்தீர்கள்.

“கையை வீசிக்கிட்டா வந்தே?” என்றீர்கள்.

“ஆமாப்பா.”

“இவ்வளவு தூரம்?”

“ஆமாப்பா.”

சுற்றி எல்லோரும் கத்திப் பேசிக்கொண்டிருந்தார்கள். நீங்கள் இன்னொரு முறை பெஞ்சுக்குக் கீழே பார்த்தீர்கள். நேரம் முடிவதற்கு முன்னாலேயே நீங்கள் உள்ளே போய்விட்டீர்கள். நான் முடிகிற வரைக்கும் நின்றேன்.

பஸ்ஸில் வரும்போது அழவில்லை. அப்புறம் அழக்கூடாது என்று அம்மா அன்றே சொல்லியிருந்தாள்.

மாஸ்டரிடம் சொல்லிவிட்டேன், இனிமேல் ஞாயிறு எனக்கு ஓவன் வேண்டாம் என்று. அடுத்த மாதமும் வருவேன். அதற்கடுத்த மாதமும் வருவேன். நீங்கள் வலைப்பக்கம் வந்து நின்றாலும் நிற்காவிட்டாலும் பேர் கொடுத்துவிட்டுக் காத்திருப்பேன். கையை வீசிக்கொண்டுதான் வருவேன்.

உங்கள் மகள்